அம்மாவின் போனில் மகன் போட்ட 'மொட்' கேம்

கிளிநொச்சியில் ஏ9 வீதிக்குக் கிட்ட போன் திருத்தும் கடை வைத்திருக்கிறேன். பள்ளிக்கூட விடுமுறை தொடங்கினால் ஒரு வகை வேலை கூடும். போன் உடைந்திருக்காது, தண்ணீரிலும் விழுந்திருக்காது. "அண்ணை, சும்மா கிடக்கவே சுடுகுது, டேட்டா போட்ட கையோட முடியுது" என்று கொண்டுவருவார்கள்.

போன மாதம் மல்லாவியிலிருந்து ஒரு அம்மா மகனோடு வந்தார். போன் அம்மாவுடையது. வங்கிக் குறுஞ்செய்தி, பிரான்சிலிருக்கும் தம்பியின் அழைப்பு, பள்ளிக்கூட வட்ஸ்அப் குழு எல்லாம் அதில்தான். மேசையில் வைத்துவிட்டுக் கொஞ்ச நேரம் பார்த்தேன். ஒருவரும் தொடாமலே திரை முழுக்க விளம்பரம் விரிந்தது. செட்டிங்கில் ஆப் பட்டியலை இறக்கிப் பார்த்தால், நடுவில் ஐகனே இல்லாத ஒன்று. பெயர் 'சிஸ்டம் சேர்விஸ்'. குறுஞ்செய்தி வாசிக்க அனுமதி வாங்கியிருந்தது. அழிக்கப் பார்த்தால் விடவில்லை. ஆப்பை அழிக்க விடாமல் தடுக்கக்கூடிய டிவைஸ் அட்மின் அனுமதியும் அதன் கையில்.

மகனைக் கேட்டேன். ஃப்ரீ ஃபயர் கேமுக்கு, அதற்குள் காசு மாதிரிப் பாவிக்கும் டயமண்டை அன்லிமிட்டட்டாகத் தரும் மொட், அதாவது அசலை உடைத்து மாற்றிய கேம் என்று சிநேகிதன், போனுக்குப் போன் ஃபைல் அனுப்பும் ஷெயாரிட் ஆப்பில் அனுப்பினானாம். "டயமண்ட் வந்ததோ?" "இல்லை அண்ணை."

வரவும் வராது. டயமண்ட் கணக்கு இருப்பது கம்பெனியின் சேர்வரில். வங்கிப் புத்தகத்தில் நாங்கள் பேனையால் ஒரு பூச்சியம் கூட்டி எழுதினால் வங்கியில் காசு கூடுமா? பிடிபட்டால் விளையாட்டுக் கணக்கையே தடை செய்துவிடுவார்கள், அவ்வளவுதான்.

இணையம் இல்லாமல் ஓடும் கார் ரேஸ் போன்றவற்றின் கதை வேறு. அவற்றில் காசுக் கணக்கு பெரும்பாலும் போனுக்குள்ளேயே இருப்பதால் மொட் உண்மையாகவே வேலை செய்யும். எனக்கு இதுதான் கூடப் பயம். கேம் ஒழுங்காக ஓடினால் ஆருக்குச் சந்தேகம் வரும்? 2016 யூலையில் போக்கிமோன் கோ சில நாடுகளில் மட்டும் வெளியானபோது, மற்ற நாட்டுக்காரர் பிளே ஸ்டோருக்கு வெளியே அதன் ஏபிகே, அதாவது ஆப்பைப் போனில் போடும் ஃபைலைத் தேடினார்கள். அதற்குள் ட்ரொய்ட்ஜக் என்ற உளவு மென்பொருளைச் செருகி ஒருவர் இணையத்தில் விட்டிருந்தார். தொடக்கத் திரை அசல் கேமைப் போலவேதான் இருந்தது.

பிள்ளைகளுக்கு நான் சொல்லிக் கொடுப்பது ஒரேயொரு அடையாளம். அசல் ஆப் ஒவ்வொன்றிலும் அதைச் செய்தவரின் டிஜிட்டல் கையொப்பம் உண்டு. உடைத்து மாற்றியவரிடம் அந்தக் கையொப்பம் இல்லை. அதனால் அசலின் பெயரிலேயே வரும் மொட்டை அசலுக்கு மேலே போட முடியாது. "முதல் பழைய கேமை அழி, பிறகு இதைப் போடு" என்று சொன்னால் அங்கேயே நில்லுங்கள். கெட்ட ஆப்பைத் தேடிப் பிடிக்கும் கூகுளின் பிளே புரொடெக்டை நிறுத்தச் சொன்னாலும் அப்படித்தான். அண்ட்ரொய்ட் 13இலிருந்து, வெளியிலிருந்து போட்ட ஆப்புக்கு அக்செசிபிலிட்டி அனுமதியைப் போன் இலகுவில் கொடுக்காது. அந்தப் பூட்டைத் திறக்கும் வழியைப் படம் போட்டுக் காட்டித் தருகிறார்கள், கெட்டிக்காரர்! அந்த அனுமதி கிடைத்துவிட்டால் அந்த ஆப் திரையில் இருப்பதை வாசிக்கலாம், உங்களுக்குப் பதிலாக விரலும் வைக்கலாம். வங்கியின் ஓடிபி வந்த வேகத்திலேயே போய்விடும்.

மல்லாவிப் போனுக்கு முதலில் சிம்மைக் கழற்றி வைஃபையை நிறுத்தினேன். அம்மாவை என் போனிலிருந்து வங்கிக்கு எடுக்கச் சொன்னேன். காசு போகவில்லை, நல்ல காலம். கடவுச்சொற்களையும் வேறு போனிலிருந்துதான் மாற்ற வேண்டும், இதில் மாற்றினால் புதியதும் அந்த ஆப்பைச் செய்த கள்ளனுக்குத்தான். பிறகு வெளியிலிருந்து போட்ட ஆப்கள் ஓடாத சேஃப் மோடில் போட்டு, அட்மின் அனுமதியை எடுத்துவிட்டு அதை அழித்தேன். அதோடு நம்பிவிடக்கூடாது என்று படங்களை மட்டும் கழற்றி வைத்து போனை முழுக்க அழித்து ரீசெட் அடித்தேன். காசு போயிருந்தால் வங்கியோடு பொலிஸிலும் முறையிட வேண்டும்; இணையப் பாதுகாப்பைப் பார்க்கும் ஸ்ரீலங்கா சேர்ட் நிறுவனத்தின் 101 இலக்கத்திலும் ஆலோசனை கேட்கலாம்.

அந்த அம்மா மகனுக்கு அடிக்கக் கை ஓங்கினார். நான் மறித்தேன். அடித்தால் அடுத்த முறை ஒளிப்பான், போன் என்னிடம் வரப் பிந்தும்.

ஒரு கிழமை கழித்து அவன் தனியே வந்தான், பின்னால் இன்னொரு பெடியன். "அண்ணை, இவன்ட போனிலயும் அதுதான் கிடக்கு. நான்தான் அனுப்பினனான்."