'குழுக் கொள்கை' வேண்டாம், விதித்தொகுப்பு போதும்

குன்னூர், கோத்தகிரிப் பக்கம் கம்ப்யூட்டர் வகுப்புகளில் 'குரூப் பாலிசி'யைக் 'குழுக் கொள்கை' என்றே சொல்லிக்கொடுக்கிறார்கள். தேயிலைத் தொழிற்சாலை அலுவலகங்கள் வரை அது பரவிவிட்டது. கேட்டுக் கேட்டுக் காது புளித்துப்போயிற்று.

பாஸ்வேர்டு எவ்வளவு நீளம், பென்டிரைவ் செருகலாமா கூடாதா என்பதையெல்லாம் நிறுவனத்தின் எல்லா விண்டோஸ் கணினிகளுக்கும் சேர்த்து ஒரே இடத்தில் எழுதிவைப்பதுதான் இது. விண்டோஸ் 2000-உடன் வந்தது. 'பாலிசி'க்கு மூலம், ஆட்சிமுறையைக் குறித்த கிரேக்கச் சொல். இன்ஷூரன்ஸ் பாலிசிக்கு வேறு வேர், அதை விடுங்கள்.

'கொள்கை' என்பது மனத்தில் கொண்டது. 'ஏந்திய கொள்கையார்' என்று குறள் சொல்வது உயர்ந்த நோன்பு உடையவர்களை. கணினிக்கு ஏது நோன்பு? மலையில் வண்டி நெரிசல் குறையவேண்டும் என்பது கொள்கை. அதற்காக 2024 மே 7 முதல் ஊட்டிக்கும் கொடைக்கானலுக்கும் கேட்கிற இ-பாஸ், விதி. பென்டிரைவ் செருகாதே என்பதும் விதிதான். 'குழு' இன்னும் மோசம். இந்த விதிகளை சைட் (கணினிகள் இருக்கும் இடம்), டொமைன் (நிறுவனத்தின் கணினி வலையமைப்பு), ஓயு (டொமைனுக்குள் பிரித்த உட்பிரிவு) ஆகியவற்றோடுதான் இணைக்கமுடியும். பயனர் குழுவோடு நேரடியாக இணைக்கவே முடியாது. யாருக்குப் பொருந்தும் என்று வடிகட்டத்தான் குழு உதவும். ஆகவே 'விதித்தொகுப்பு' என்றாலே போதும். 'விதி' என்றால் தலைவிதி ஞாபகம் வருமாம். போக்குவரத்து விதி என்னும்போது யாருக்கு வருகிறது?

அப்புறம் 'ஜிபிஅப்டேட் /ஃபோர்ஸ்' கட்டளை. இதைக் 'கட்டாயக் கொள்கைப் புதுப்பிப்பு' என்கிறார்கள். புதுப்பிப்பது லைசென்ஸை. இங்கே கணினி சர்வரிலுள்ள விதிகளை எடுத்துவந்து அமலாக்குகிறது, அவ்வளவுதான். வழக்கமாக 90 நிமிடத்துக்கு ஒருமுறை, அதற்கு மேல் 30 நிமிடம் வரை தள்ளி, தானே செய்துகொள்ளும். கட்டளை கொடுத்தால் உடனே செய்யும். ஃபோர்ஸ் இல்லாவிட்டால் மாறிய விதிகள் மட்டும், இருந்தால் மாறாதவையும் சேர்த்து. ஆகவே முன்னதற்கு 'விதி மறுஅமல்', பின்னதற்கு 'முழு மறுஅமல்'. அமல் அரபுச் சொல்லாயிற்றே என்று தனித்தமிழ்க்காரர்கள் முறைக்கலாம். முறைக்கட்டும், அலுவலகத்தில் எல்லாருக்கும் புரிகிறது.

மழையில் லைன் போய், கோயம்புத்தூர் சர்வர் எட்டாமல் கட்டளை தோற்றால், 'புதுப்பிப்பு தோல்வி' என்று கேட்ட குமாஸ்தா விதிகளே காலாவதியாகிவிட்டதாகப் பதறுகிறார். பழைய விதிகள் அப்படியேதான் இருக்கும். மொழிபெயர்ப்பவர்கள் கட்டளை தட்டும் கறுப்புத் திரையில் ஒருமுறை ஓட்டிப் பார்ப்பதில்லை, அகராதியைத்தான் திறக்கிறார்கள். எந்த விதிகள் அமலில் உள்ளன என்று காட்டும் 'ஜிபிரிசல்ட்'டுக்கு அவர்கள் வைத்த பெயர் 'கொள்கை முடிவு'. அது அமைச்சரவை கூடி எடுப்பதல்லவா?