சுற்றியிருந்த கிராமங்கள் நகரத்துக்குள் போனால் என்ன மாறும்? போலந்தின் ஜெலோனா கூரா கதை

போலந்தில் உள்ளாட்சியின் அடிமட்ட அலகுக்குப் பெயர் க்மினா. நாடு முழுக்க சுமார் 2,480 க்மினாக்கள் இருக்கின்றன. சில முழுக்க நகரம், சில முழுக்க கிராமம், சில இரண்டும் கலந்தவை. இதில் வேடிக்கை என்னவென்றால், நகரத்துக்கும் அதைச் சுற்றியுள்ள கிராமங்களுக்கும் ஒரே பெயரில் தனித்தனி க்மினா இருக்கலாம். நாட்டின் மேற்குப் பகுதியில் உள்ள ஜெலோனா கூராவும் அப்படித்தான் இருந்தது. உளுந்து வடையின் ஓட்டை நகரம், சுற்றியிருக்கும் வடை கிராம க்மினா. கிராம க்மினாவின் அலுவலகமே நகரத்துக்குள்தான் இருந்தது, அதாவது தன் எல்லைக்கு வெளியே!

1945 வரை இது ஜெர்மனி. நகரத்தின் பெயர் க்ரூன்பெர்க், திராட்சைத் தோட்டத்துக்கும் ஒயினுக்கும் பேர் போன இடம். போருக்குப் பிறகு ஜெர்மானியர்கள் வெளியேற்றப்பட்டு, போலந்துக்காரர்கள் வந்து குடியேறினார்கள். 1973இல் நாடு முழுக்க க்மினா முறை திரும்ப வந்தது. 2014 வாக்கில் கிராம க்மினாவில் ராட்சுலா, ஓக்லா, ப்ஷிலெப், ஜாதோன்யே என்று 17 ஊர்ப் பிரிவுகள், சுமார் 19,000 பேர், 220 சதுர கிலோமீட்டர் நிலம். நகரத்துக்கோ வெறும் 58 சதுர கிலோமீட்டர்தான், அதில் கிட்டத்தட்ட 1,19,000 பேர். வீடு கட்டவும் தொழிற்சாலை வைக்கவும் இடமில்லாமல் திணறிய நகரம் கிராமப் பக்கம் பார்த்ததில் ஆச்சரியமில்லை.

சரி, சட்டம் என்ன சொல்கிறது? 1990ஆம் ஆண்டு க்மினா சட்டப்படி, க்மினாக்களை இணைப்பதோ எல்லையை மாற்றுவதோ அமைச்சரவையின் கையில் இருக்கிறது. ஆணை வழக்கமாக ஜூலைக்குள் வெளியாகி, அடுத்த ஜனவரி 1 முதல் அமலாகும். அதற்கு முன் மக்களிடம் கருத்துக் கேட்பது கட்டாயம். ஆனால் கேட்டபடி நடப்பது கட்டாயமில்லை. இதை நினைவில் வையுங்கள், கடைசியில் தேவைப்படும்.

ஜெலோனா கூராவில் நகரம் கொஞ்சம் பக்குவமாகவே நடந்துகொண்டது என்பேன். அப்போதைய மேயர் யானுஷ் குபிட்ஸ்கி தரப்பு கிராமங்களுக்கான வாக்குறுதிகளை எழுத்திலேயே கொடுத்தது. அதற்கு ஜெலோனா கூரா ஒப்பந்தம் என்று பெயர். 2014 மே மாதம் கிராம க்மினாவில் வாக்கெடுப்பு நடந்தபோது, பாதிக்குச் சற்று மேல்தான் ஆதரவு கிடைத்தது. அமோகம் என்று சொல்ல முடியாது, ஆனாலும் போதுமானதாக இருந்தது. 2015 ஜனவரி 1 அன்று இணைப்பு நடந்தது. ஒரே இரவில் நகரம் சுமார் 278 சதுர கிலோமீட்டராகி, பரப்பளவில் அன்றைக்கு நாட்டின் 6ஆவது பெரிய நகரமானது. பழைய க்மினா முழுவதும் நோவே மியாஸ்தோ என்ற ஒரே வட்டமாக மாறியது.

இரு தரப்புக்கும் ஆசை காட்டியது பணம். க்மினாக்கள் மனமுவந்து முழுதாக இணைந்தால், தங்கள் மக்கள் கட்டும் வருமான வரியில் அவற்றுக்குக் கிடைக்கும் பங்கு (அந்த ஆண்டு சுமார் 38%) 5 ஆண்டுகளுக்கு 5 சதவீதப் புள்ளி கூடும் என்பது அப்போதைய விதி. ஜெலோனா கூராவுக்கு இதனால் மொத்தம் சுமார் 10 கோடி ஸ்வோட்டி (போலந்தின் நாணயம்) வரும் என்று கணக்குப் போட்டார்கள்.

அப்புறம், அங்கே குடியிருப்பவருக்கு என்ன ஆனது? ஒரே நகரத்தில் ஒரே பெயரில் இரண்டு மூன்று தெருக்கள் வந்துவிடும் என்பதால், கிராமத் தெருக்களின் முன்னால் ஊர்ப் பெயரை ஒட்டிவிட்டார்கள்: ராட்சுலா-குவோகோவ்ஸ்கா தெரு, ஓக்லா-ஜகான்ஸ்கா தெரு என்று. முகவரி நீண்டது, ஊர்ப் பெயர் பிழைத்தது. நகரத்துக்கு மாவட்ட அந்தஸ்தும் உண்டு என்பதால் வாகனப் பதிவும் அதன் கைக்குப் போனது. புது வண்டி வாங்கினால் 'எஃப் இசட் ஐ' என்ற மாவட்டப் பலகைக்குப் பதில் நகரத்தின் 'எஃப் இசட்'. நஷ்டமும் உண்டு. கிராமப்புற ஆசிரியர்களுக்கு அடிப்படைச் சம்பளத்தில் 10% கூடுதல் படி என்றொரு விதி இருந்தது. ஊர் காகிதத்தில் நகரமானால், அதைக் கேட்கும் சட்ட உரிமை போய்விடும்.

நிலத்தோடு அதன் தலைவலியும் சேர்ந்துதான் வரும். ப்ஷிலெப்பில் ஒரு கிடங்கு. அதில் அபாயகரமான ரசாயனக் கழிவு, சுமார் 5,000 கன மீட்டர், இணைப்புக்கு முன்பே கொண்டுவந்து குவிக்கப்பட்டது. இணைப்புக்குப் பின் அதை அகற்றும் பொறுப்பு நகரத்தின் தலையில் விழுந்தது. செலவு யார் தருவது என்ற இழுபறியிலேயே வருடங்கள் ஓடின. 2023 ஜூலை 22 அன்று அந்தக் கிடங்கு தீப்பிடித்து எரிந்தது. பக்கத்தில் இருந்தவர்களுக்கு ஜன்னலை மூடி உள்ளேயே இருக்கச் சொல்லி எச்சரிக்கை போனது.

இது சம்மதத்தோடு நடந்த இணைப்பு. சம்மதம் இல்லாவிட்டால் என்ன ஆகும் என்பதற்குப் போலந்தின் இன்னொரு நகரமான ஒப்போலேயைப் பார்க்கலாம். பக்கத்து டோப்ஷென் வியெல்கி க்மினாவின் பெரிய வரி வருமானமே அங்கிருந்த மின் நிலையம்தான். அந்த நிலமும் சில ஊர்களும் தனக்கு வேண்டும் என்று நகரம் கேட்டது. மக்கள் கருத்துக் கேட்பில் பெருவாரியாக வேண்டாம் என்றார்கள், ஊர்வலம் போனார்கள், உண்ணாவிரதம்கூட இருந்தார்கள். 2016 ஜூலையில் அமைச்சரவை ஆணையிட்டது, 2017 ஜனவரி 1 அன்று எல்லை நகர்ந்தது. எல்லையை மட்டும் நகர்த்தினால் அது க்மினாக்களின் இணைப்பு ஆகாது, அதனால் அந்த 5 புள்ளிச் சலுகையும் கிடைக்கவில்லை.