குறிகையும் நிரலகமும்: ‘லிப்சிக்சி++’ என்ற பெயரைப் பிரித்தால்

லினக்ஸ் கணினியில் இங்க்ஸ்கேப் போன்ற ஒரு வரைகலைச் செயலியை நிறுவினால், நாம் கேட்காத சில பொதிகளும் கூடவே வந்து இறங்கும். அவற்றுள் ஒன்று ‘லிப்சிக்சி++’. அதற்குள் ‘லிப்சிக்சி-2.0.எஸ்ஓ.0’ என்று ஒரு கோப்பு இருக்கும். அதை இருமுறை சொடுக்கிப் பார்த்துப் பயனில்லை. அது தானாக ஓடும் நிரல் அன்று. பிற நிரல்கள் ஓடும்போது துணைக்கு அழைத்துக்கொள்ளும் கோப்பு. முன்னே நிற்கும் ‘லிப்’ லைப்ரரியின் குறுக்கம், ‘சிக்’ சிக்னலின் குறுக்கம், ‘சி++’ இது எழுதப்பட்ட நிரல்மொழி. ‘எஸ்ஓ’ என்றால் ஷேர்டு ஆப்ஜெக்ட். விண்டோஸில் இதே வகைக் கோப்பின் வால் ‘டிஎல்எல்’ என்றிருக்கும். கடைசியில் உள்ள சுழி, பழைய நிரல்களோடு ஒத்துப்போகாத அளவுக்கு உள்ளமைப்பு மாறும்போது மட்டும் கூட்டப்படும் எண்.

முதலில் லைப்ரரி. லத்தீனில் ‘லிபெர்’ என்பது மரத்தின் உட்பட்டை. பிறகு அதுவே புத்தகத்துக்கும் பெயரானது. நம் ‘நூல்’ இழைக்கும் ஏட்டுக்கும் பொதுவாக நிற்பதைப் போன்ற கதைதான். கணினிக்குள் இந்தச் சொல் வந்தபோது உவமையாக வரவில்லை. கேம்பிரிட்ஜில் 1949-இல் இயங்கத் தொடங்கிய எட்சாக் கணினிக்கு, அடிக்கடி தேவைப்படும் கணக்குகளைத் துளையிட்ட காகித நாடாக்களாகச் செய்து அலமாரியில் அடுக்கி வைத்திருந்தார்கள். வேண்டியவர் எடுத்து, தம் நாடாவில் படியெடுத்துக்கொண்டு, மீண்டும் வைத்துவிட வேண்டும். வில்க்ஸ், வீலர், கில் மூவரும் 1951-இல் இதைப் பற்றிப் புத்தகமே எழுதினார்கள். ஆக, அன்றைக்கு அது உண்மையிலேயே நூலகம்தான்.

அந்தப் படியெடுக்கும் முறையில் ஒவ்வொரு நிரலும் தனக்கென ஒரு நகலைச் சுமக்கும். ‘எஸ்ஓ’ குறிக்கும் பகிர்வு முறையில் வட்டில் ஒரே கோப்பு. நினைவகத்திலும் அதன் கட்டளைப் பகுதி ஒருமுறை ஏறினால் போதும், பத்து நிரல்கள் அதையே பயன்படுத்திக்கொள்ளும். பிழை திருத்த வேண்டுமென்றால் அந்த ஒரு கோப்பை மாற்றினால் முடிந்தது. அந்த ஒரு கோப்பு தொலைந்தால் பத்தும் படுத்துவிடும் என்பது மறுபக்கம்.

இந்த ‘ஷேர்டு லைப்ரரி’க்குத் தமிழில் ‘பகிர்ந்த நூலகம்’ என்று சிலர் எழுதுகிறார்கள். எனக்கு உடன்பாடில்லை. தண்டையார்பேட்டையில் லினக்ஸ் பழகும் ஒரு மாணவனின் திரையில் ‘நூலகத்தைக் காணவில்லை’ என்று பிழைச்செய்தி வந்தால், அவன் மாநகராட்சியைத்தான் நினைப்பான். நிரல் இருக்கும் அகம் ‘நிரலகம்’. இந்தச் சொல் ஏற்கெனவே தமிழ்க் கணினி எழுத்தில் புழங்குகிறது. ‘பகிர்ந்த’ என்னும் இறந்தகாலப் பெயரெச்சமும் வேண்டாம். யாரோ எப்போதோ பகிர்ந்து முடித்ததைப் போல ஒலிக்கிறது. வினைத்தொகையாகப் ‘பகிர்நிரலகம்’ என்றால் மூன்று காலமும் உள்ளே அடங்கிவிடும்.

சிக்னல் இவ்வளவு எளிதில் மடியாது. லத்தீன் ‘சிக்னும்’ என்றால் அடையாளம், குறி. அது பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்கு வந்து, ரயிலோடு நம்மிடம் வந்தது. 1856-இல் இராயபுரம் நிலையத்திலிருந்து ஆற்காட்டுப் பக்கம் ரயில் ஓடத் தொடங்கியது. தென்னிந்தியாவின் முதல் பயணியர் ரயில் தடம் அதுதான். தண்டவாளத்தோரம் கம்பத்தில் கை போல ஏறி இறங்கிய பலகைக்கு மக்கள் வைத்த பெயர் ‘கைகாட்டி’. எந்தக் குழுவும் கூடி உருவாக்காத, பார்த்தவுடன் பிறந்த சொல். இன்று வடசென்னையில் சிக்னல் என்பது விளக்கைக்கூடக் குறிப்பதில்லை, இடத்தைக் குறிக்கிறது. ‘மிண்ட் சிக்னலில் இறங்கிக்கொள்’ என்றால் விளக்கு எரிகிறதா என்று யாரும் கேட்பதில்லை.

கைகாட்டியையே கணினிக்கும் எடுத்துக்கொள்ளலாமே என்று தோன்றும். தடை என்னவென்றால், அந்த ரயில் கைகாட்டிக்கு ஆங்கிலத்தில் ‘செமஃபோர்’ என்று தனிப்பெயர் உண்டு. 1960-களின் தொடக்கத்தில் டச்சு அறிஞர் டைக்ஸ்ட்ரா அதே பெயரைக் கணினியில் வேறொன்றுக்குச் சூட்டிவிட்டார்: ஒரே வளத்துக்குப் பல செயல்கள் (ஓடிக்கொண்டிருக்கும் நிரல்கள்) முட்டிக்கொள்ளாமல் காக்கும் எண்ணிக்கைக்கு. கைகாட்டியை அதற்கு விட்டுவிடுவதே முறை. ‘சைகை’ நல்ல சொல், ஆனால் சைகை மொழியில் அதற்கு நிலையான இடம் கிடைத்துவிட்டது. ‘சமிக்ஞை’ வடமொழி ‘சம்ஞா’வின் வழியில் வந்தது. அது வடமொழி என்பதல்ல என் குறை. நாளிதழ்களில் அது சாலை விளக்குக்கும் அரசியல்வாதியின் மறைமுக ஜாடைக்கும் சேர்த்து உழைத்துக் களைத்துவிட்டது; வினையாகவும் வளைந்து கொடுக்காது.

எஞ்சுவது ‘குறிகை’. வருகை, செய்கை போலக் ‘குறி’ என்னும் வினையோடு ‘கை’ விகுதி சேர்ந்த தொழிற்பெயர். மின்னணுவியலில் ‘இலக்கமுறைக் குறிகை’ என்று ஏற்கெனவே எழுதுகிறார்கள். குறித்தான், குறிக்கிறது, குறிப்பு என்று அதன் குடும்பமும் பெரிது. திருக்குறளில் ‘குறிப்பறிதல்’ என்ற தலைப்பு 71, 110 என இரண்டு அதிகாரங்களுக்கு இருக்கிறது. ஒன்று அரசவையில், ஒன்று காதலில். இரண்டிலும் வேலை குறிப்பைப் பெறுபவருக்குத்தான்.

லிப்சிக்சி++ செய்வதும் பெறுபவரைச் சார்ந்த வேலையே. புயல் உருவானால் சென்னை, எண்ணூர், காட்டுப்பள்ளித் துறைமுகங்களில் எச்சரிக்கைக் கூண்டு ஏற்றுகிறார்கள். அதை யார் பார்க்கிறார்கள் என்ற பட்டியல் ஏற்றுபவரிடம் இல்லை. காசிமேட்டு விசைப்படகுக்காரர் கடலுக்குப் போகாமல் கயிற்றை இறுக்குகிறார். நங்கூரமிட்ட கப்பலின் தலைவர் ஆழ்கடலுக்கு நகர்கிறார். ஒரே கூண்டு, அவரவர் வேலை. (1 முதல் 11 வரையுள்ள எண்களில் 11-ஆம் எண், வானிலை மையத்தோடு தொடர்பே அறுந்துவிட்டது என்பதற்கு. செய்தி வரவில்லை என்பதற்கும் ஒரு செய்தி!) நிரலில் ஒரு பொத்தான், தான் அழுத்தப்பட்டதாகக் குறிகை எழுப்பும். கோப்பைச் சேமிக்கும் கூறும், படத்தை மீண்டும் வரையும் கூறும் அந்தக் குறிகையோடு முன்பே இணைக்கப்பட்டிருந்தால் தத்தம் வேலையைச் செய்யும். பொத்தானுக்கு இவர்களைத் தெரியாது. அதனால்தான் ஒரு கூறை மாற்றும்போது மற்றொன்று உடைவதில்லை.

ஒப்புமை இங்கே நின்றுவிட வேண்டும். கூண்டு ஏற்றியவர் படகு கட்டப்படும் வரை காத்திருப்பதில்லை, லிப்சிக்சி++ காத்திருக்கும். அதன் குறிகை காற்றில் பறக்கும் அலை அன்று, சாதாரணச் செயற்கூற்று (ஃபங்ஷன்) அழைப்புதான். இணைத்த வரிசையிலேயே ஒவ்வொன்றாக அழைத்து, எல்லாம் முடிந்த பிறகே அடுத்த வரிக்கு நகரும். ஒன்று மெதுவாக இருந்தால் திரையே உறைந்து நிற்கும். சிக்னல் என்ற பெயரைக் கேட்டுப் பின்னணியில் தானாக நடக்கும் என்று நம்புகிறவர்கள் தடுக்கி விழும் இடம் இதுதான். யூனிக்ஸின் சிக்னலோடும் இதைக் குழப்பக் கூடாது. அது இயங்குதளத்தின் வழியாக ஒரு செயலுக்குப் போவது. 9-ஆம் எண் போனால் மறுபேச்சின்றிச் செயல் சாக வேண்டும். அதை ‘இயங்குதளக் குறிகை’ என்று அடைகொடுத்து எழுதினால் போதும்.

குறிகையைப் பெறும் முனைக்கு ஆங்கிலத்தில் ‘ஸ்லாட்’ என்று பெயர். இந்த இணையைப் பரப்பியது 1995-இல் வெளியான நார்வே நாட்டுக் க்யூட்டி கருவித்தொகுதி. அகராதிகள் ‘செருகுவாய்’ என்கின்றன. நினைவக அட்டைக்கு அது கச்சிதம். அழைத்தால் வேலைசெய்யும் ஒரு செயற்கூறுக்கு ‘வாய்’ என்று மட்டும் சொன்னால் பாதிதான். உயிரியலில் ரிசப்டருக்கு வழங்கும் ‘ஏற்பி’யை நான் இங்கே எடுத்துக்கொள்கிறேன். இணைப்பது ‘இணைத்தல்’, துண்டிப்பது ‘விலக்கல்’. ஏற்பியைத் தாங்கும் பொருள் நினைவகத்திலிருந்து நீங்கிய பிறகும் இணைப்பு மிச்சமிருந்தால், குறிகை எழும்போது நிரல் இல்லாத ஒன்றை அழைத்து நொறுங்கும். லிப்சிக்சி++ இதற்கு பொருள்களுக்கு வார்ப்பாக நிற்கும் ‘டிராக்கபிள்’ என்றொரு அடிப்படை வகுப்பைத் (கிளாஸ்) தருகிறது; அதிலிருந்து பிறந்த பொருள் அழியும்போது அதன் ஏற்பிகளும் தாமே விலகிக்கொள்ளும். அதற்கு இப்போதைக்குத் ‘தடமறி வகுப்பு’ என்று எழுதி வருகிறேன்.