சிறுவாய் பாஸ் மீனும் 15.5 டிகிரி எல்லையும்

வட அமெரிக்காவின் நன்னீர்களில் தூண்டில்காரர்கள் தேடித் திரியும் பாஸ் மீன்களில் முக்கியமானவை இரண்டு: பெருவாய் பாஸ், சிறுவாய் பாஸ். வாயை மூடிப் பார்த்தால் எது எதுவென்று தெரிந்துவிடும். பெருவாயின் மேல்தாடை கண்ணைத் தாண்டிப் பின்னால் போகும். சிறுவாயின் தாடை கண்ணுக்குக் கீழேயே முடிந்துவிடும். சிறுவாய்க்கு வெண்கல நிற உடல், பக்கவாட்டில் செங்குத்தான பட்டைகள். நம் ஊரில் ‘சீ பாஸ்’ என்ற பெயரில் விற்கும் கொடுவா வேறு குடும்பம். இதோடு சேர்க்க வேண்டாம்.

சிறுவாய் பாஸின் தாயகம் மிசிசிப்பி ஆற்றின் மேல், நடுப் படுகைகளும், பேரேரிகள், செயின்ட் லாரன்ஸ் நீர்த்தொகுதியும். தெளிந்த நீர், சரளையும் பாறையும் கொண்ட அடித்தளம், மிதமான ஓட்டம், இரையாகக் கிரேஃபிஷ் (இறால் போன்ற நன்னீர் உயிரி): இவை இருந்தால் போதும், ஆறோ ஏரியோ பிழைத்துக்கொள்ளும். ஆனால் பெருகுவதற்குச் சரியான வெப்பநிலையும் வேண்டும்.

வசந்தத்தில் நீர் சுமார் 15-16 டிகிரி செல்சியஸைத் தொட்டதும் ஆண் மீன் ஆழம் குறைந்த கரையோரத்தில் வாலால் மண்ணை விசிறித் தள்ளி, சரளை தெரியும்படி ஒரு வட்டக் குழி பறிக்கும். பெண் முட்டையிட்டுப் போய்விடும். அதன்பிறகு எல்லாமே அப்பன் பொறுப்பு. விரால் தன் குஞ்சுக் கூட்டத்தோடு சுற்றுவதுபோல, குஞ்சுகள் கலைந்து போகும்வரை வாரக்கணக்கில் காவல் காக்கும். துடுப்பை அசைத்து முட்டைகளின்மேல் வண்டல் படியாமல் பார்த்துக்கொள்ளும். முட்டை பொரிய 13 டிகிரியில் ஒன்பது பத்து நாள் ஆகும். 24 டிகிரியில் இரண்டரை நாளுக்குள் முடிந்துவிடும்.

இந்த ஏற்பாட்டின் பலவீனமும் அந்த ஒற்றைக் காவலாளிதான். திடீர்க் குளிர் வந்தால் ஆண் கூட்டை விட்டுப் போய்விடலாம்; முட்டைகளில் பூஞ்சை பிடிக்கும். ஆற்றில் வெள்ளம் வந்தால் கூடே அடித்துச் செல்லப்படும். தூண்டிலில் ஆணைப் பிடித்துப் படகில் வைத்திருக்கும் சில நிமிடங்களில் சிறு மீன்கள் புகுந்து முட்டைகளைத் தின்னத் தொடங்கிவிடும். கனடாவின் ஒன்டாரியோ மாகாணத்தில் பல இடங்களில் ஜூன் பிற்பகுதிவரை பாஸ் பிடிக்கத் தடை இருப்பது இதனால்தான்.

குஞ்சுகளுக்கு அடுத்த ஆபத்து, அவற்றின் முதல் குளிர்காலம். சுமார் 10 டிகிரிக்குக் கீழே இந்த மீன் அனேகமாக எதுவும் தின்னாது. சேர்த்த கொழுப்பில்தான் வாழ வேண்டும். உடல் சிறியதாக இருந்தால் சேமிப்பும் குறைவு, அது தீரும் வேகமும் அதிகம். குறுகிய கோடையில் வளராத குஞ்சு வசந்தத்தைப் பார்ப்பதில்லை. வடக்கே இதன் எல்லையை வகுப்பதில் இதற்குப் பெரும் பங்கு உண்டு. கோடை நீண்டால் எல்லையும் வடக்கே நகரும்.

கிழக்கே மட்டும் மலை தடுத்தது. அதை ரயில் தீர்த்துவைத்தது. 1854-இல் ஓஹியோ படுகையிலிருந்து சில டஜன் மீன்களை, ரயில் எஞ்சினின் தண்ணீர்த் தொட்டியில் வைத்து அப்பலாச்சியன் மலைகளைக் கடத்தி, மேரிலாந்தின் கம்பர்லாந்தில் கால்வாயில் விட்டார்கள். அங்கிருந்து பொட்டோமாக் ஆறு முழுக்கப் பரவியது. 1874-இல் கலிபோர்னியா, 1937-இல் தென்னாப்பிரிக்கா என்று பயணம் நீண்டது. எல்லாம் விளையாட்டுக்காகத்தான்.

பரவியதைப் பிடித்தே ஒழித்துவிடலாம் என்று நினைப்பது இயல்பு. நியூயார்க்கின் அடிரோண்டாக் மலைப்பகுதியில் உள்ள லிட்டில் மூஸ் ஏரியில் கார்னெல் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2000-இல் அதைத் தொடங்கினார்கள். படகிலிருந்து நீரில் மின்சாரம் பாய்ச்சி, மயங்கும் மீன்களை அள்ளி எடுப்பது முறை. பெரிய மீன்கள் குறைந்தன; குஞ்சுகளோ முன்பைவிடப் பெருகின. பெரியவை போனதும் சிறியவற்றுக்குப் போட்டியும் ஆபத்தும் குறைந்ததே காரணம். வேகமாக வளர்ந்து சிறுவயதிலேயே முட்டையிடும் வகையாக அந்த ஏரியின் பாஸ் பரிணமித்துவிட்டதையும் பின்னாளில் வெளியான ஆய்வு காட்டியது.

அரிசோனாவின் கொலராடோ ஆற்றில் வேறு வழியைப் பிடித்தார்கள்: வெப்பநிலை. கிளென் கேன்யன் அணைக்கு மேலே, பவல் நீர்த்தேக்கத்தில் சிறுவாய் பாஸ் பல ஆண்டுகளாகவே உண்டு. நீர்மட்டம் உயர்ந்திருந்தவரை, மின் உற்பத்திக் குழாய்கள் ஆழத்திலிருந்த குளிர்ந்த நீரையே எடுத்தன. கீழே ஆறு சில்லென்று இருந்தது. வறட்சியில் மட்டம் சரியச் சரிய, மேற்பரப்பின் வெதுவெதுப்பான நீர் அதே குழாய்களுக்கு எட்டியது. அந்த நீரோடு பாஸ் மீன்களும் டர்பைன்களைத் தாண்டி வந்தன. 2022-இல் அணைக்குக் கீழே குஞ்சுகள் கிடைத்தன. சுமார் 120 கிலோமீட்டர் கீழே, லிட்டில் கொலராடோ சங்கமத்தில், கூன்முதுகுச் சப் என்ற அரிய நாட்டு மீனின் முக்கிய இருப்பிடம் இருக்கிறது. பாஸ் அங்கே பரவினால் அந்த மீனுக்கு ஆபத்து.

2024 ஜூலையில், மின் உற்பத்திக் குழாய்களைவிடச் சுமார் 30 மீட்டர் கீழே இருக்கும் துணைக் குழாய்களைத் திறந்து, குளிர்நீரைக் கலந்து விடத் தொடங்கினார்கள். அந்தச் சங்கமம்வரை நீர் 15.5 டிகிரியைத் தாண்டக் கூடாது என்பது இலக்கு; அதற்குக் கீழே கூடு கட்டுவது தடைபடும். இதற்கு விலை உண்டு. துணைக் குழாய் வழியாகப் போகும் நீரில் மின்சாரம் எடுக்க முடியாது. நீர்மட்டம் தாழ்ந்த நிலையில் அந்தக் குழாய்களில் வேகமாக நீர் விட்டால், உருவாகி உடையும் குமிழ்கள் எஃகுச் சுவரின் பூச்சை அரித்துவிடும். 2023-இல் அணையிலிருந்து வேண்டுமென்றே அதிக நீரைத் திறந்து செயற்கை வெள்ளம் விட்டபிறகு அப்படித்தான் ஆனது; குழாய்களுக்கு மறுபூச்சு போட வேண்டியிருந்தது.