பர்க்கிங்: ஒரு போலீஸ் சொல்லும் அதற்கு ஈடான தமிழும்

துணைக்கால் விட்டுப்போன ‘பார்க்கிங்’ என்று நினைத்துவிட வேண்டாம். சொல்லே பர்க்கிங்தான். காவல் துறை உயரதிகாரிகளின் பேச்சிலும் நீதிமன்றத் தீர்ப்புகளிலும் அடிபடும் சொல் இது. புகாரோடு ஸ்டேஷன் வாசலில் நிற்பவர் காதில் விழாது. ஆனால் அது குறிக்கிற காரியம் அவருக்கு நன்றாகவே தெரியும். நடந்திருப்பது சட்டப்படி கட்டாயம் வழக்குப் பதிய வேண்டிய குற்றம். இருந்தும் எஃப்.ஐ.ஆர். போடாமல் ‘பார்க்கிறோம், போங்க’ என்று அனுப்பிவிடுகிறார்கள். அதுதான் பர்க்கிங்.

ஆண்டறிக்கை வந்ததும் ‘நாட்டில் குற்றங்கள் இத்தனை சதவீதம் உயர்வு’ என்று செய்தி போடுகிறார்களே, அதைப் படிக்கும்போது இந்தச் சொல் கூடவே நினைவில் இருந்தால் நல்லது.

சொல்லின் பூர்வீகம் ஸ்காட்லாந்து. 1820-களில் எடின்பரோ நகரம் மருத்துவப் படிப்புக்குப் பேர்போனது. உடற்கூறு வகுப்புக்குப் பிணங்கள் வேண்டும். சட்டப்படி கிடைப்பதோ தூக்கில் தொங்கிய கொலைகாரர்களின் உடல்கள் போன்ற சிலதான். அதனால் கல்லறையைத் தோண்டித் திருடிவந்து விற்பது ஒரு தொழிலாகவே நடந்தது. அயர்லாந்திலிருந்து பிழைக்கப் போன வில்லியம் பர்க், வில்லியம் ஹேர் என்ற இருவருக்குத் தோண்டும் சிரமம்கூட வேண்டியிருக்கவில்லை. 1827 இறுதியில் ஹேரின் விடுதியில் வாடகை பாக்கி வைத்துவிட்டு ஒரு கிழவர் இயற்கையாகச் செத்துப்போனார். பாக்கிக்குப் பதிலாக உடலை ராபர்ட் நாக்ஸ் என்ற உடற்கூறு ஆசிரியரிடம் விற்றார்கள். கிடைத்தது ஏழரை பவுண்டு. கை ருசி கண்டுவிட்டது. அடுத்த ஓராண்டுக்குள் 16 பேரைக் கொன்று விற்றார்கள்.

கொன்ற விதத்தில்தான் சொல்லே பிறந்தது. ஆளுக்கு நிறையக் குடிக்கக் கொடுப்பார்கள். மயங்கியதும் மார்பின்மேல் ஏறி அமுக்கி, மூக்கையும் வாயையும் பொத்திவிடுவார்கள். கத்திக் குத்து இல்லை, கழுத்தில் கயிற்றுத் தழும்பு இல்லை. வாங்குகிறவர் கேள்வி கேட்க உடலில் ஒரு தடயமும் இராது. பிடிபட்ட பிறகு ஹேர் அரசுத் தரப்புச் சாட்சியாக மாறித் தப்பித்தார். பர்க்கை 1829 ஜனவரி 28 அன்று கூட்டத்தின் முன்னால் தூக்கிலிட்டார்கள். பிறகு அவர் உடலையே அறுத்து மாணவர்களுக்குப் பாடம் நடத்தினார்கள். எலும்புக்கூடு இன்னும் எடின்பரோ பல்கலைக்கழகத்தின் உடற்கூறு அருங்காட்சியகத்தில் நிற்கிறது.

பெயர் உடனே வினைச்சொல்லாகிவிட்டது. முதலில் ‘தடயமில்லாமல் மூச்சடைத்துக் கொல்’ என்று பொருள். கொஞ்ச காலத்திலேயே, ஒரு விவகாரத்தைச் சத்தமில்லாமல் ஒழித்துக்கட்டுவதற்கும் அதையே சொல்ல ஆரம்பித்தார்கள். அந்த இரண்டாம் பொருளோடு சொல் இங்கே வந்து, நம் போலீஸ் வழக்கில் ஒட்டிக்கொண்டது.

தமிழில் இதற்கு நாம் என்ன சொல்கிறோம்? ‘கேஸை அமுக்கிட்டாங்க.’

எடின்பரோவைப் பற்றி ஒன்றும் தெரியாமலே நம் ஆட்கள் அதே படிமத்தைப் பிடித்திருக்கிறார்கள். மார்பில் ஏறி அமுக்குவதுதான் பர்க் செய்தது; நாம் புகாரின்மேல் ஏறி அமுக்குவதாகச் சொல்கிறோம். தூக்கத்தில் நெஞ்சின்மேல் உட்கார்ந்து மூச்சுமுட்டவைக்கும் ‘அமுக்குவான் பேய்’ நம் ஊர்க் கதைகளில் உண்டு. எதையும் வெளியே விடாமல் உள்ளேயே வைத்திருக்கும் ஆளை ‘அமுக்குணி’ என்போம். அழுத்துவது, மூச்சை நிறுத்துவது, வெளியே தெரியாமல் வைப்பது ஆகிய மூன்று பொருளும் அமுக்கு என்ற ஒரே வேரில் கிடக்கின்றன. பர்க்கிங்குக்கு இதைவிடப் பொருத்தமான சொல் வேறு மொழியில் இருக்குமா என்பதே சந்தேகம்.

சரி, புகாரை ஏன் அமுக்க வேண்டும்? இன்ஸ்பெக்டருக்கு மாதாமாதம் கிரைம் மீட்டிங் உண்டு. போன வருஷம் இதே மாதம் எத்தனை, இந்த வருஷம் எத்தனை என்று கேட்பார்கள். எண்ணிக்கை ஏறினால் பதில் சொல்ல வேண்டும். ஆயுதப்படைக்கு மாற்றலும் வரலாம். ஸ்டேஷனில் தொடங்கும் இந்தப் பயம் மாவட்டம், மாநிலம் என்று ஏறி, சட்டமன்றத்தில் எதிர்க்கட்சி புள்ளிவிவரத்தை வாசிக்கும் நாள்வரை போகிறது. குற்றத்தைக் குறைப்பது கடினம். பதிவைக் குறைப்பது சுலபம்.

எல்லாக் குற்றத்தையும் ஒரே மாதிரி அமுக்க முடியாது. கொலையை அமுக்குவது முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைக்கிற வேலை. பிணம் இருக்கிறது, பிரேதப் பரிசோதனை இருக்கிறது, சொந்தக்காரர்கள் சாலை மறியலுக்கு உட்கார்ந்துவிடுவார்கள். ‘சந்தேக மரணம்’ என்று போட்டு இழுக்கலாம், அவ்வளவுதான். வண்டித் திருட்டையும் அமுக்குவது கஷ்டம். எஃப்.ஐ.ஆர். நகல் இல்லாமல் இன்சூரன்ஸ் பணம் வராது என்பதால் உரிமையாளர் விடமாட்டார். பஸ்ஸில் போன செல்போன் அப்படியில்லை. ‘திருடிட்டாங்கன்னு எழுதாதீங்க, தொலைஞ்சுபோச்சுன்னு எழுதுங்க’ என்பார்கள். ஒரே சொல்லை மாற்றியதும் குற்றம் மறைந்து கவனக்குறைவாகிவிடும். பண மோசடிப் புகார் என்றால் ‘இது சிவில் மேட்டர்’ என்ற மந்திரம் இருக்கிறது. தமிழ்நாட்டில் பலருக்கும் பழக்கமானது சி.எஸ்.ஆர்., அதாவது சமுதாயப் பணிப் பதிவேட்டு ரசீது. புகார் வாங்கியதற்கு அது அத்தாட்சி, ஆனால் எஃப்.ஐ.ஆர். ஆகாது. குற்றக் கணக்கிலும் ஏறாது. நம்பர் போட்ட சீட்டு கையில் இருப்பதால் கேஸ் போட்டுவிட்டார்கள் என்று நம்பி வீட்டுக்குப் போகிறவர்கள் நிறையப் பேர்.

அமுக்குதலுக்கு ஒரு தம்பியும் உண்டு. பதிவார்கள், ஆனால் குறைத்துப் பதிவார்கள். வழிப்பறி திருட்டாகும். ஐந்து பேரோ அதற்கு மேலோ சேர்ந்து செய்தால்தான் அது கூட்டுக்கொள்ளை. எனவே ஐந்தாவது ஆளைக் காகிதத்தில் காணாமல் போக்கினால் கூட்டுக்கொள்ளையும் காணாமல் போகும்.

இவ்வளவையும் தாண்டி எஃப்.ஐ.ஆர். ஆகிறவைதான் டெல்லிக்குப் போய்ச் சேருகின்றன. அங்கே தொகுப்பது 1986-ல் தொடங்கிய தேசியக் குற்ற ஆவணக் காப்பகம். ‘இந்தியாவில் குற்றம்’ என்ற ஆண்டறிக்கை அதற்கும் மூத்தது, 1953 முதல் வருகிறது. அதன் கணக்கு முறையிலேயே சில நெளிவுகள் உண்டு. ஒரே எஃப்.ஐ.ஆரில் பல குற்றங்கள் இருந்தால் அவற்றில் மிகக் கடுமையான ஒன்றை மட்டும் எண்ணுவார்கள். பெரிய குற்றம் சின்னதை விழுங்கிவிடும்.

குற்ற வீதம் என்பது லட்சம் பேருக்கு இத்தனை வழக்கு என்ற கணக்கு. பெண்களுக்கு எதிரான குற்றங்கள் என்றால் லட்சம் பெண்களுக்கு எத்தனை என்று பார்ப்பார்கள். நம் பத்திரிகைகள் இதைக் ‘குற்ற விகிதம்’ என்று எழுதுகின்றன. விகிதம் என்றால் மூன்றுக்கு இரண்டு என்கிற மாதிரி இரண்டு அளவுகளின் ஒப்பீடு. ‘ஆளுக்குப் பத்து ரூபாய் வீதம்’ என்று நாமே தினமும் சொல்கிறோம். அந்த வீதம்தான் இங்கே சரி. இலங்கைத் தமிழர்கள் வட்டிக்கும் பிறப்புக்கும் வீதம் என்றே எழுதுகிறார்கள். அவர்கள் பக்கம்தான் நியாயம்.

எண்ணிக்கையும் வீதமும் வேறு வேறு கதை சொல்லும். 2022-ல் அதிகக் கொலை வழக்குகள் உத்தரப் பிரதேசத்தில், 3,491. ஆனால் அங்கே வீதம் 1.5 மட்டுமே, தேசிய வீதம் 2.1. வீதத்தில் முதலிடம் 4.0 என்ற கணக்கோடு ஜார்க்கண்டுக்கு. கேரளத்தில் கொலை வீதம் ஒன்றுக்கும் கீழே. அதே கேரளத்தின் மொத்தக் குற்ற வீதமோ நாட்டிலேயே உச்சத்தில் இருப்பவற்றில் ஒன்று. மலையாளிகள் கொலையைத் தவிர மற்ற எல்லாவற்றையும் செய்கிறார்கள் என்றா இதற்கு அர்த்தம்? அங்கே கேஸ் போடுகிறார்கள் என்பதுதான் எனக்குத் தெரிந்த நேரடியான விளக்கம்.

கொலை வழக்குகளை அப்படியே வரிசையாக வைத்துப் பாருங்கள். 2019-ல் 28,918. அப்புறம் 29,193, 29,272, 28,522, 2023-ல் 27,721. கிட்டத்தட்ட ஒரே மட்டம். இதே ஐந்து ஆண்டுகளில் மொத்த வழக்குகள் 51.6 லட்சத்தில் தொடங்கி 66 லட்சம், 61 லட்சம், 58 லட்சம், 62 லட்சம் என்று ஆடியிருக்கின்றன. அமுக்கவும் ஊதவும் முடியாத குற்றம் அசையாமல் நிற்க, மற்றவைதான் ஆடுகின்றன.

2020-ல் ஏறிய ஏற்றம் பர்க்கிங்குக்கு நேர் எதிரான கதை. முந்தைய ஆண்டு 385.5 ஆக இருந்த தேசியக் குற்ற வீதம் 487.8 ஆனது. எல்லோரும் வீட்டுக்குள் அடைந்து கிடந்த வருஷம் அது! ஆள்கடத்தல் வழக்குகள் 1,05,036-லிருந்து 84,805 ஆகக் குறைந்தன. பிறகு ஏறியது எது? அரசு ஊழியரின் உத்தரவை மீறுவது, பழைய தண்டனைச் சட்டத்தின் 188-ம் பிரிவு. 2019-ல் 29,469 வழக்குகள், 2020-ல் 6,12,179. ஊரடங்கில் பால் வாங்கப் போனவரும் டீக்கடை திறந்தவரும் தேசியக் குற்றப் போக்கை மேலே தூக்கினார்கள். தமிழ்நாட்டில் மட்டும் ஊரடங்கு மீறல் வழக்குகள் சுமார் 10 லட்சம் என்றும், சிலவற்றைத் தவிர மற்றவை கைவிடப்படும் என்றும் 2021 பிப்ரவரியில் அன்றைய முதல்வர் எடப்பாடி பழனிசாமி அறிவித்தார். நகை பறிபோனால் சி.எஸ்.ஆர்., முகக்கவசம் இல்லாவிட்டால் கேஸ்.

இதையெல்லாம் காப்பகம் அறியாமல் இல்லை. குற்றம் கூடுவது வேறு, குற்றப் பதிவு கூடுவது வேறு என்று அதன் அறிக்கையிலேயே எச்சரிக்கை இருக்கிறது. அந்தப் பக்கத்தைத்தான் யாரும் படிப்பதில்லை.

பர்க்கிங் என்ற சொல் உச்ச நீதிமன்றத் தீர்ப்பிலேயே ஏறியிருக்கிறது. 2013 நவம்பர் 12 அன்று லலிதா குமாரி வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு ஒரு முடிவைச் சொன்னது: பிடியாணையின்றிக் கைது செய்யக்கூடிய குற்றம் என்று புகாரிலேயே தெரிந்தால் எஃப்.ஐ.ஆர். பதிவது கட்டாயம். குடும்பத் தகராறு, வணிக மோசடி போன்ற சிலவற்றில் மட்டும் முதற்கட்ட விசாரணை செய்துகொள்ளலாம். அமர்வுக்குத் தலைமை தாங்கியவர் ஈரோடு மாவட்டத்துக்காரரான தலைமை நீதிபதி ப. சதாசிவம். 2012-ல் நாட்டில் பதிவான வழக்குகள் சுமார் 60 லட்சம். ஏறக்குறைய அதே அளவு பதியாமலும் போகின்றன என்று தீர்ப்பு சொல்கிறது. இந்தப் போக்கால் சட்டத்தின்மேல் மக்களுக்கு மரியாதை போய்விடும் என்று எழுதும் இடத்தில்தான் பர்க்கிங் என்ற சொல் வருகிறது. 2024 ஜூலை 1 முதல் நடப்பில் இருக்கும் புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் இணையவழிப் புகாருக்கும், எந்த ஸ்டேஷனிலும் பதியக்கூடிய ‘ஜீரோ எஃப்.ஐ.ஆரு’க்கும் இடம் உண்டு. கூடவே ஒரு சின்னச் சந்தும் இருக்கிறது. மூன்று முதல் ஏழாண்டுக்குள் தண்டனை உள்ள குற்றங்களில், டி.எஸ்.பி. அனுமதியோடு 14 நாள் முதற்கட்ட விசாரணை நடத்தலாம். அந்தச் சந்துக்குள் எத்தனை புகார் போய்த் திரும்பாமல் இருக்கும் என்பது போகப்போகத்தான் தெரியும்.

ஒன்றைச் சொல்லிவிட வேண்டும்: கணக்கில் வராத எல்லாமே போலீஸ் அமுக்கியது அல்ல. 2019–21-ல் எடுத்த தேசியக் குடும்ப நல ஆய்வில், திருமணமான பெண்களில் கிட்டத்தட்ட பத்துக்கு மூவர் கணவரின் வன்முறையை அனுபவித்ததாகச் சொன்னார்கள். கணவர், அவரது உறவினர்களின் கொடுமை என்று 2022-ல் நாடு முழுவதும் பதிவான வழக்குகள் சுமார் 1.4 லட்சம். கோடிக்கணக்கில் இருப்பது லட்சத்தில் முடிகிறது. இதில் பெரும்பகுதி ஸ்டேஷன் படியையே மிதிக்காதது. வீடு அமுக்கியது, ஊர் அமுக்கியது, அவரே அமுக்கிக்கொண்டது. பர்க்கிங் இதைக் குறிக்காது. தெரிந்தே போலீஸ் செய்வதைத்தான் குறிக்கும். இரண்டையும் குழப்பக் கூடாது.

கடைசியாக, தமிழில் எப்படி எழுதலாம்? ‘வழக்குப் பதியாமை’ என்பது அரசாணைக்குச் சரி. ஆனால் அதில் குற்றவாளியே இல்லை, ஏதோ மழை பெய்யாமை மாதிரி இருக்கிறது. ‘இருட்டடிப்பு’ ஊடகத்துக்குப் போய்விட்ட சொல். ‘வழக்கமுக்கம்’ என்று சேர்த்துப் பார்த்தேன். வழக்கம் என்று காதில் விழுகிறது, அதுவும் உண்மைதான் என்றாலும். இலங்கையில் தாழமுக்கம் புயலைக் கொண்டுவரும் என்பதால் அங்கே வானிலைச் செய்தி போலவும் இருக்கும். அதோடு, எஃப்.ஐ.ஆர். போட்டால்தான் அது வழக்கு. அமுக்கப்படுவது அதற்கு முன்பே இருக்கும் புகார். அதனால் ‘புகார் அமுக்கல்’ என்பது என் தேர்வு. புகார் உருதுவழி வந்த சொல்லாயிற்றே என்பவர்கள் ‘முறையீட்டை அமுக்குதல்’ என்று எழுதலாம், இலங்கையில் ‘முறைப்பாட்டை’ என்று. ஸ்டேஷன் வாசலில் நிற்பவருக்கு இந்த ஆராய்ச்சி எதுவும் தேவையில்லை. ‘அமுக்கிட்டாங்க’ என்ற ஒரே சொல்லில் அவர் எழுவாயைக்கூட விட்டுவிடுகிறார். யார் என்று யாரும் கேட்பதில்லை.