டெங்கு "ஒழிப்பு" என்று எழுதாதீர்கள்: ஒழிப்பு, கட்டுப்பாடு, களைவு

மாரி தொடங்கிக் கொஞ்ச நாளில் இலங்கையின் வன்னியில், கிளிநொச்சி, முல்லைத்தீவு, வவுனியாப் பக்கம் ஒலிபெருக்கி கட்டிய ஓட்டோக்கள் ஒழுங்கைகளுக்குள் வரத் தொடங்கிவிடும். "டெங்கு ஒழிப்பு வாரம்" என்று அறிவித்துக்கொண்டு போவார்கள். பதாகையில் அதுதான், பாடசாலைப் பிள்ளைகள் கொண்டுவரும் துண்டுப்பிரசுரத்தில் அதுதான், மறுநாள் பத்திரிகையிலும் அதுதான். தேசிய டெங்குக் கட்டுப்பாட்டுப் பிரிவு என்று ஓர் அரச அமைப்பு இருக்கிறது. அதன் பெயரைக்கூடச் செய்தி எழுதுபவர்கள் பலர் "டெங்கு ஒழிப்புப் பிரிவு" என்றே எழுதுகிறார்கள். கேட்டுக் கேட்டுச் சலித்துப்போய்த்தான் இதை எழுதுகிறேன். டெங்குவை இந்த உலகத்தில் யாரும் ஒழித்ததில்லை. நுளம்புக் குடம்பி தேடி வளவு வளவாக நடக்கிற பொதுச் சுகாதாரப் பரிசோதகரைக் கேட்டுப் பாருங்கள், ஒழிக்கலாம் என்று அவரும் சொல்லமாட்டார். பிறகு யார் சொல்கிறார்கள்? மொழிபெயர்ப்பு சொல்கிறது.

பரவும் நோயோடு போராடுவதற்கு மருத்துவத்தில் மூன்று தனித்தனிச் சொற்கள் உண்டு. ஆங்கிலத்தில் கொன்ட்ரோல், எலிமினேசன், எரடிகேசன் என்பார்கள். முதலாவது, நோயைத் தாங்கக்கூடிய அளவுக்குக் கீழே அமர்த்தி வைத்திருப்பது. கையை எடுத்தால் ஏறிவிடும், ஆகவே வேலை ஓயாது. இரண்டாவது, ஒரு நாட்டிலோ ஒரு வட்டாரத்திலோ உள்ளூர்த் தொற்று ஒன்றுகூட இல்லாமல் செய்வது. வெளியிலிருந்து வரலாம் என்பதால் காவல் தொடரவேண்டும். மூன்றாவது, உலகம் முழுவதிலும், என்றைக்குமாக இல்லாமல் செய்வது. அதன் பிறகு தடுப்பூசியும் வேண்டாம், காவலும் வேண்டாம். இந்த மூன்றாவது நிலைக்கு வந்தவை இதுவரை இரண்டே இரண்டு. பெரியம்மை 1977இல் சோமாலியாவில் கடைசியாக இயற்கையாகத் தொற்றியது, 1980இல் உலக சுகாதார அமைப்பு அதன் முடிவை அறிவித்தது. மற்றது மாடுகளின் வெக்கை நோய், 2011இல் முடிந்தது. 1980களின் பிற்பகுதியில் வடக்குக் கிழக்கில் அந்த வெக்கை மாடுகளை வாரிக்கொண்டு போனது. அதைக் கண்ட பட்டிக்காரர்களுக்கு அது ஒழிந்ததன் பெறுமதி தெரியும்.

இந்த மூன்றையும் தமிழில் ஒரே சொல்லால், "ஒழிப்பு" என்று, எழுதிவிட்டுப் போகிறோம்.

சொல்லின் பிறப்பைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். ஒழி என்பது தூய தமிழ் வேர். ஒழிந்தது என்றால் இல்லாமற் போனது. ஒழித்தல் என்றால் இல்லாமற் செய்தல், கைவிடுதல். "உலகம் பழித்தது ஒழித்து விடின்" என்ற குறளில் கைவிடுதல்தான் பொருள். ஒழிவு நேரம் என்கிறோமே, அங்கே வேலை விட்டுப்போன நேரம். "இதை ஒழிய வேறில்லை" என்னும்போது, இதை விட்டால் என்று பொருள். இன்னொரு பொருளும் உண்டு: மிஞ்சி நிற்பது. யாப்பருங்கலக்காரிகையில் ஒழிபியல் என்று ஓர் இயல் இருக்கிறது. முன் இயல்களில் சொல்லாமல் எஞ்சியவற்றைச் சொல்லும் இயல் அது. ஆனால் இன்றைய காதுக்கு ஒழிப்பு என்றால் அடியோடு இல்லாமற் செய்வது மட்டும்தான். அந்தக் காதை வைத்துத்தான் நாம் பேசவேண்டும்.

இந்தப் பெயர்க் குழப்பம் நம் நாட்டில் உயிர்களைத் தின்றிருக்கிறது. 1958இல் இலங்கை மலேரியாவை எதிர்த்துப் புதிய திட்டம் ஒன்றைத் தொடங்கியது. எரடிகேசன் என்ற சொல் அதன் பெயரிலேயே இருந்தது. டிடிரி என்ற நுளம்பு மருந்தை அடித்தார்கள், வீடு வீடாக இரத்தம் குத்திப் பார்த்தார்கள். 1963இல் நாடு முழுவதற்கும் வெறும் 17 நோயாளிகள். சரி, முடிந்தது என்று மருந்தடிப்பை விலக்கிக்கொண்டார்கள். 1967இல் திரும்பியது. 1969இல் மட்டும் ஐந்து இலட்சத்துக்கும் மேற்பட்டவர்களுக்குக் காய்ச்சல் உறுதிப்படுத்தப்பட்டது. நுளம்பு மருந்துக்குப் பழகிப்போனது, மழை பொய்த்தது, இரத்தினக்கல் கிண்டிய குழிகளில் தண்ணீர் நின்றது என்று காரணங்கள் பல உண்டு. ஆனால் எல்லாவற்றுக்கும் முன்னால் நின்றது, முடிந்துவிட்டது என்ற நம்பிக்கை. அந்த நம்பிக்கையை ஊட்டியதில் பெயருக்கும் பங்கு உண்டு.

வன்னிக்கு இது வெறும் பாடப்புத்தகக் கதை இல்லை. முறைக்காய்ச்சல் என்ற மலேரியா ஊர்களை வெறுமையாக்கிய நிலம் இது. இரணைமடுக் குளத்துக்குக் கீழேயும் மற்றக் குடியேற்றத் திட்டங்களிலும் குடும்பங்கள் நிலைத்திருந்ததில் காடு வெட்டிய கைக்கு எவ்வளவு பங்கோ, அவ்வளவு பங்கு மருந்தடித்த கைக்கும் உண்டு. போர்க்காலத்தில் நாட்டின் மலேரியாச் சுமையில் பெரும்பகுதியை வடக்கும் கிழக்கும்தான் சுமந்தன. 1999இல் இலங்கையில் இரண்டரை இலட்சத்துக்கும் மேற்பட்டவர்களுக்கு மலேரியா வந்தது. அந்த ஆண்டுகளில் இடம்பெயர்ந்து மரங்களுக்குக் கீழே படுத்தவர்களுக்குக் குளிர்காய்ச்சலின் நடுக்கம் மறந்திருக்காது. அங்கேயிருந்து 2012 ஒக்டோபரில் கடைசி உள்ளூர்த் தொற்று, 2016 செப்டெம்பரில் உலக சுகாதார அமைப்பின் சான்றிதழ் என்று வந்து சேர்ந்தோம். பெருமைப்படவேண்டிய வேலை. ஆனால் அந்தச் சான்றிதழ் இரண்டாவது சொல்லுக்கானது. செய்திகளோ "மலேரியா ஒழிந்தது", "மலேரியாவை இல்லாதொழித்த நாடு" என்று மூன்றாவது சொல்லைப் போட்டன.

அதே 2016இன் இறுதியில் மன்னாரில் அனோபிலிஸ் ஸ்டீபன்சி என்ற புதிய நுளம்பு கண்டுபிடிக்கப்பட்டது. கிணற்றிலும் சீமெந்துத் தொட்டியிலும் முட்டையிடுகிற, நகரத்திலும் மலேரியாவைக் கொண்டு திரியக்கூடிய நுளம்பு. வெளிநாடுகளிலிருந்து மலேரியாவோடு வந்து இறங்குகிறவர்களும் ஒவ்வோர் ஆண்டும் இருக்கிறார்கள். இப்போது கிணறு பார்க்க வருகிற உத்தியோகத்தரிடம் வீட்டுக்காரர், "மலேரியாதான் ஒழிஞ்சு போச்சே, பிறகேன் அண்ணை வந்து கிணத்தை எட்டிப் பாக்கிறியள்?" என்று கேட்டால் பிழை யாருடையது? ஒழிந்தது என்று அவருக்குச் சொன்னது நாம்தானே.

இந்த "ஒழிப்பு" டெங்குவோடு எப்படி ஒட்டியது என்று பார்த்தால், எனக்குத் தெரிகிற வழி ஒன்றுதான். நம் அரசாங்கச் சுற்றறிக்கைகள் பெரும்பாலும் சிங்களத்தில் பிறந்து தமிழுக்கு வருகின்றன. சிங்களத்தில் டெங்குப் பிரிவுக்கும் "மர்தன" என்ற சொல், மலேரியா இயக்கத்துக்கும் "மர்தன" என்ற சொல். மகிஷாசுரமர்த்தினியில் வருகிற அதே வடமொழி மர்த்தனம்: மிதித்து நசுக்குதல், அடக்குதல். அடக்குதல் வேறு, ஒழித்தல் வேறு. சிங்களச் சொல் அளவோடுதான் இருக்கிறது. தமிழுக்கு வரும் வழியில்தான் வீங்கிவிட்டது. கவனியுங்கள், மலேரியா இயக்கத்துக்குப் பழைய மொழிபெயர்ப்பாளர் ஒருவர் "மலேரியாத் தடை இயக்கம்" என்று பெயர் வைத்தார். யார் என்று தெரியாவிட்டாலும் அவரைக் கும்பிடவேண்டும். தடை! இரண்டு எழுத்து, தமிழ்ச்சொல், சொன்னதற்கு மேல் ஒன்றும் வாக்குக் கொடுக்காத சொல். அதே மர்தனவை அவர் தடை என்றார், பின்னால் வந்தவர்கள் ஒழிப்பு என்றார்கள். வறுமையைத் தணிக்கிற திட்டத்துக்கு "வறுமை ஒழிப்பு", விசர்நாய்க் கடியைக் குறைக்கிற வேலைக்கு "விசர்நாய் ஒழிப்பு" என்று எல்லாவற்றையும் இந்த ஒரே பெட்டிக்குள் போட்டு மூடுகிறார்கள். கடைசியில் சொன்னது நாயைக் கொல்லச் சொல்வதா, நாய்க்கு ஊசி போடச் சொல்வதா என்றுகூட விளங்காது.

இன்னொன்று. நம் பேச்சில் ழகரம் ளகரமாகத்தான் பெரும்பாலும் வரும். ஒழிப்பும் ஒளிப்பும் காதுக்கு ஒன்று. பரம்பலை எதிர்த்து நடக்கிற எந்த வேலையும் மக்கள் ஒளிக்காமல் வந்து சொல்வதில்தான் தங்கியிருக்கிறது. அதோடு, "ஒழிப்பு" என்ற சொல் கடந்த நாற்பது ஆண்டுகளில் வன்னி மக்களின் காதில் விழுந்த இடங்கள் நல்ல இடங்கள் இல்லை. ஒழிப்பு நடவடிக்கை என்று அறிவித்தபோதெல்லாம் மனிதர்கள்தான் இல்லாமற் போனார்கள். காசநோய்க்காரரையும் தொழுநோய்க்காரரையும் கிளினிக்குக்கு அழைக்கிற பதாகையில் அந்தச் சொல்லைக் கொண்டுவந்து எழுதலாமா? 2020இல் பம்பைமடுவிலும் கேப்பாப்புலவிலும் கொரோனாத் தனிமைப்படுத்தல் நிலையங்கள் திறக்கப்பட்டபோது, நோய்க்கு மேலாக நோயாளி என்று பெயர் வாங்குவதற்குத்தான் ஊர் பயந்தது.

இனி மாற்றுச் சொல்லுக்கு வருவோம். "வேரறுப்பு" என்று ஒரு சொல்லைச் சிலர் கடுமையாகப் பரிந்துரைக்கிறார்கள். எரடிகேசன் என்ற சொல்லுக்குள் வேர் என்ற இலத்தீன் சொல் இருக்கிறதாம், ஆகவே தமிழிலும் வேர் இருக்கவேண்டுமாம். இலத்தீன்காரன் எதை நினைத்துச் சொல் ஆக்கினான் என்பது தமிழனுக்கு ஏன்? தமிழில் வேரறு என்பது சாபத்திலும் மேடைப் பேச்சிலும் வருகிற சொல். "வேரோடு போக" என்று திட்டுவதைக் கேட்டு வளர்ந்த பிள்ளைக்கு அதில் வெறுப்புத்தான் முதலில் கேட்கும். டெங்குவின் வேரை எங்கே தேடுவது என்றும் அவர்கள் சொல்வதில்லை. வைரஸில் நான்கு வகை. தொற்றியவர்களில் பெரும்பாலோருக்கு அறிகுறியே தெரியாது. ஈடிஸ் நுளம்பின் முட்டை தண்ணீரில்லாமல் மாதக் கணக்கில் காய்ந்து கிடந்து, அடுத்த மழைக்குப் பொரிக்கும். 2017இல் இலங்கையில் ஒரு இலட்சத்து எண்பதாயிரத்துக்கும் மேற்பட்டவர்களைத் தாக்கிய நோய் அது. அறுக்கிற மாதிரி ஒரு வேர் அதற்கு இல்லை. இதையெல்லாம் விட்டாலும், ஒரு வட்டாரத்தில் இல்லாமற் செய்வதையும் உலகத்தில் இல்லாமற் செய்வதையும் பிரித்துக் காட்டத்தான் நமக்குச் சொல் வேண்டும். வேரறுப்பு அதைச் செய்யவில்லை. பழைய பெட்டிக்குப் புதிய சாயம் அடிக்கிறது, அவ்வளவுதான்.

இன்னும் சிலர் "முற்றொழிப்பு" என்கிறார்கள். ஒழிப்பு என்றாலே முற்றாகத்தானே? பாதி ஒழித்தால் அது குறைப்பு. ஒழிப்பைக் கண்ட இடத்திலெல்லாம் செலவழித்துவிட்டு, இப்போது பெறுமதி போதவில்லை என்று முன்னால் ஒரு "முற்று" ஒட்டுகிறார்கள். நாளைக்கு அதையும் செலவழித்துவிட்டு "முழுமுற்றொழிப்பு" என்பார்கள். "இல்லாதொழிப்பு" அதைவிட மோசம். இல்லாது என்றும் சொல்லி ஒழிப்பு என்றும் சொல்கிறது. செய்தி வாசிக்கிறவரின் மூச்சைத் தவிர வேறு எதையும் அது குறைக்காது.

சரி, நான் என்ன சொல்கிறேன்? டெங்குவுக்கு "கட்டுப்பாடு" என்றோ "தடுப்பு" என்றோ எழுதுங்கள். கட்டுப்பாடு என்றால் என்ன என்று வன்னியில் யாருக்கும் பாடம் எடுக்கத் தேவையில்லை. கட்டுப்பாட்டுப் பகுதி என்பது கை மாறக்கூடிய பகுதி என்று இங்கே சின்னப் பிள்ளைக்கும் தெரிந்திருந்தது. ஒழிப்பைப் பெரியம்மைக்கும் வெக்கைக்கும் வைத்துக்கொள்ளுங்கள், அவற்றுக்குத்தான் அது பொருந்தும்.

நடுவிலுள்ள எலிமினேசனுக்கு, மலேரியாவுக்கு நாம் செய்ததற்கு, "களைவு" என்ற சொல்லை முன்வைக்கிறேன். "நீக்கம்" என்று சில ஆவணங்களில் வருகிறது, பிழையில்லை. ஆனால் பதவி நீக்கம், தடை நீக்கம் என்று அது கந்தோர்ச் சொல்லாகிவிட்டது. களைதல் பழைய சொல், "இடுக்கண் களைவதாம் நட்பு" என்று வள்ளுவர் துன்பத்தோடு சேர்த்தே ஆண்ட சொல். அதற்கு மேலே, காலபோகத்தில் வயலில் நின்ற எவருக்கும் அதன் முழுப்பொருளும் விளங்கும். தன் வயலில் கோரையையும் பன்றிநெல்லையும் ஒன்றுமில்லாமல் பிடுங்கிவிடலாம். அது களைந்த வயல்தான். ஆனால் வாய்க்கால் தண்ணீரோடு மேல் வயலின் விதை வரும், விதைநெல்லோடும் வரும். களைந்தவன் வரப்பில் நடப்பதை நிறுத்தமாட்டான். ஓர் எல்லைக்குள் பூச்சியமாக்குதல், பிறகும் காவல் இருத்தல் என்று மருத்துவர்கள் பக்கம் பக்கமாக எழுதுகிற வரைவிலக்கணம் அந்த ஒரு சொல்லுக்குள் இருக்கிறது.

சின்னமுத்தை, அதாவது தட்டம்மையை, எடுத்துப் பாருங்கள். 2019இல் இலங்கை அதைக் களைந்த நாடு என்று உலக சுகாதார அமைப்பு அறிவித்தது. 2023இல் அது திரும்ப வந்து பரவியது, ஊசி தவறவிட்ட பிள்ளைகளைத் தேடி மேலதிகத் தடுப்பூசி கொடுக்கவேண்டியதாயிற்று. "ஒழித்த" நோய் எப்படித் திரும்பும் என்று கேட்டவர்களுக்கு யாராலும் நேராகப் பதில் சொல்ல முடியவில்லை. களைந்தது திரும்பும் என்றால் கேள்வியே எழுந்திராது.

தொழுநோய் இன்னும் நுணுக்கமானது. பத்தாயிரம் பேருக்கு ஒருவருக்குக் கீழே என்ற இலக்கை இலங்கை 1995இல் எட்டியது. அதற்குப் பின்னும் ஆண்டுக்கு ஆயிரத்துக்கும் மேற்பட்ட புதிய நோயாளிகள் கண்டுபிடிக்கப்பட்டுக்கொண்டே இருந்தார்கள். இதைக் களைவு என்றுகூட நான் சொல்லமாட்டேன். "பொதுச் சுகாதாரப் பிரச்சினை என்ற நிலையிலிருந்து இறக்கம்" என்று நீட்டித்தான் எழுதவேண்டும். நீளம் என்று மொழிபெயர்ப்பாளர்கள் முகம் சுளிக்கலாம். தோலில் உணர்ச்சியில்லாத தேமலோடு ஒருவர், அந்த நோய்தான் ஒழிந்துவிட்டதே என்று ஐந்து வருடம் வீட்டிலிருப்பதைவிட ஒரு நீண்ட சொற்றொடர் எவ்வளவோ மேல்.

களைவு என்றால் களைப்பு என்று காதில் விழும் என ஒரு நண்பர் சொன்னார். களைவு, களைப்பு, களை மூன்றையும் வயல்காரர் ஒரே நாளில் ஒரே வாயால் சொல்கிறார், குழம்புவதில்லை. அச்சில் பயமாக இருந்தால் "நோய்க்களைவு" என்று சேர்த்து எழுதுங்கள், "மலேரியாக் களைவு" என்று ககர ஒற்றோடு எழுதுங்கள்.