விட்ட பிறகு வரும் இருமல்

"சிகரெட்ட விட்டு பத்து நாளாச்சு டாக்டர். விட்டதுலேர்ந்துதான் இருமலே ஜாஸ்தி. பேசாம மறுபடி பிடிச்சிடலாமான்னு தோணுது."

நுரையீரல் மருத்துவராக இதைக் கேட்கும்போதெல்லாம் எனக்குப் பதறும். கஷ்டப்பட்டு விட்டவர்கள் திரும்பப் பற்றவைப்பது பல நேரம் இந்த இடத்தில்தான்.

மூச்சுக்குழாயின் உட்சுவர் முழுக்கக் கண்ணுக்குத் தெரியாத நுண்மயிர்கள் உண்டு. ஓயாமல் அசைந்து, தூசியையும் கிருமியையும் சளியோடு சேர்த்துத் தொண்டைக்குத் தள்ளிக்கொண்டே இருக்கும். புகை பட்டால் அவை சோர்ந்துவிடும். வருடக்கணக்கில் பட்டால் அழிந்தே போகும். தள்ள ஆளில்லாத சளி உள்ளேயே தேங்கும். புகையை நிறுத்தியதும் நுண்மயிர்கள் மெல்லத் தலைதூக்கி வேலையைத் தொடங்குகின்றன. அந்த இருமல் அதனால்தான். பெரும்பாலும் சில வாரங்களில் அடங்கிவிடும். சளியில் ரத்தம் தெரிந்தாலோ, எடை குறைந்தாலோ மட்டும் காத்திருக்காதீர்கள், உடனே காட்டிவிடுங்கள்.

மீளாததும் ஒன்று உண்டு. நுரையீரலின் காற்றுப்பைகள். அவற்றின் மெல்லிய சுவர் ஒருமுறை சிதைந்தால் திரும்ப வளராது. இழுத்த காற்று உள்ளேயே சிக்கிக்கொள்ளும், வெளியே விடுவதுதான் பெரும்பாடு. 52 வயதுக்காரர் ஒருவரின் முகத்துக்கு நேரே அரை அடி தூரத்தில் தீக்குச்சியைப் பிடித்து, உதட்டைக் குவிக்காமல் வாயைத் திறந்தபடி ஊதச் சொன்னேன். பழைய சோதனைதான். மூன்று குச்சிகள் கொளுத்தினேன். சுடர் ஆடியது, அணையவில்லை. மூன்றாவது குச்சி என் விரலைச் சுடும்வரை இருவரும் அதையே பார்த்துக்கொண்டிருந்தோம்.

"இப்பல்லாம் ஒண்ணு ரெண்டுதான் டாக்டர்" என்பவர்களுக்கும் சொல்ல வேண்டும். குறைத்தது நல்லதுதான், ஆனால் இதயத்திடம் அந்தக் கணக்கு செல்லாது. தினம் 20 சிகரெட் பிடிப்பவருக்கு இதயநோய் அபாயம் எவ்வளவு கூடுகிறதோ, அதில் ஏறத்தாழ பாதி தினம் ஒரே ஒரு சிகரெட்டிலேயே வந்துவிடுகிறது. புகையில் உள்ள கார்பன் மோனாக்சைடு, ஆக்சிஜனைவிட 200 மடங்குக்கும் மேலான வலுவோடு ரத்தத்தின் ஹீமோகுளோபினைப் பிடித்துக்கொள்ளும். முழுதாக நிறுத்திய ஓரிரு நாளில் அது வெளியேறிவிடும்.

நிகோட்டின் ஏக்கத்தோடு தனியாக மல்லுக்கட்ட வேண்டாம். சூயிங்கம், தோலில் ஒட்டும் பட்டை, மாத்திரை எல்லாம் இருக்கின்றன, கேளுங்கள்.

அந்தப் பத்து நாள்காரரின் நெஞ்சைப் பரிசோதித்துவிட்டு, மூன்று வாரம் கழித்து வரச் சொன்னேன். கதவுவரை போனவர் திரும்பி, "சளி பழுப்பா வருதே டாக்டர்?" என்றார்.

"வரட்டும். இத்தனை வருஷம் உள்ள கிடந்ததுதான்."